மனுப் பாரத்தின் இரண்டு கட்டங்களில் தொலையும் பெயர்கள்

உதவிப் பட்டியலில் பெயர் வராவிட்டால், “கட்சிக்காரனுக்குத்தானே கொடுப்பான்” என்று சொல்லி முடித்துவிடுவது நம்மிடம் வழக்கம். சில இடங்களில் அது உண்மையாகவும் இருக்கும். ஆனால் மலேசியாவில் பினாங்கு மாநிலத்து நிபோங் திபால், சுங்கை பக்காப் வட்டாரத்துத் தோட்டக் குடும்பங்களைப் பொறுத்தவரை, பெயர் பெரும்பாலும் அதற்கு வெகு முன்பே தொலைந்துவிடுகிறது. “வீட்டில் எத்தனை பேர்”, “மாத வருமானம் எவ்வளவு” என்று மனுப் பாரத்தில் இருக்கும் இரண்டு கட்டங்களைத் தப்பாக நிரப்புவதுதான் காரணம்.

ஏழைக் குடும்பங்களுக்கான தேசியத் தரவுத்தளம் இ-காசே. பிரதமர் துறையின் ஒருங்கிணைப்புப் பிரிவு அதைப் பராமரிக்கிறது. மனு கொடுத்தபின் அதிகாரி வீட்டுக்கு வந்து பார்ப்பார். மாவட்ட அளவிலான குழு சரிபார்க்கும். அதன் பிறகே ஏழையா, பரம ஏழையா என்று முடிவாகும். அளவுகோல், குடும்பத்தின் மாத வருமானத்துக்கான வறுமைக் கோடு. 980 வெள்ளி (ரிங்கிட்) என்றிருந்த பழைய கோடு உண்மைக்கு ஒத்துவரவில்லை என்று ஐ.நா. சிறப்பு அறிக்கையாளர் பிலிப் ஆல்ஸ்டன் 2019இல் சொன்னார். 2020இல் அது 2,208 ஆனது. 2022 கணக்கெடுப்பில் 2,589. இது நாட்டுச் சராசரி மட்டுமே. உறுப்பினர் எண்ணிக்கை, வயது, வசிப்பிடம் ஆகியவற்றைப் பொறுத்து ஒவ்வொரு குடும்பத்துக்கும் கோடு மாறும். இதை மறந்து மொத்த வருமானத்தை மட்டும் பார்த்து வரிசைப்படுத்தினால் என்ன ஆகும்? 1,700 வெள்ளிக் குறைந்தபட்சச் சம்பளத்தில் கணவன், மனைவி, மூன்று பிள்ளைகள், வயதான தாய் என ஆறு பேர் வாழும் வீட்டில் தலைக்கு 283 வெள்ளி. 1,400 வெள்ளியில் வாழும் முதிய தம்பதிக்குத் தலைக்கு 700. மொத்தத்தைப் பார்க்கும் குழு தம்பதியைத்தான் முதலில் வைக்கும்.

குடும்பம் என்பது ஒரே இடத்தில் தங்கி, உணவையும் செலவையும் பகிர்ந்துகொள்பவர்கள். லயத்து வீட்டில் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடு) அப்பா முன்னறையிலும் கல்யாணமான மகன் பின்கட்டிலும் இருப்பார்கள். அடுப்பு இரண்டு, கதவு எண் ஒன்று. இருவர் சம்பளத்தையும் கூட்டினால் இரண்டு குடும்பமும் கோட்டைத் தாண்டிவிடும். விசாரிப்பவர் கேட்க வேண்டிய முதல் கேள்வி, “எத்தனை இடத்தில் உலை கொதிக்கிறது?” இதன் மறுபக்கமும் உண்டு. இரண்டு பொட்டலம் வாங்குவதற்காக ஒரே குடும்பத்தை இரண்டாகப் பிரித்து எழுதுவார்கள். சமையலறையை எட்டிப் பார்த்தால் தெரிந்துவிடும்.

வருமானத்தில் வரும் தகராறு வேறு மாதிரி. கேட்பது பிடித்தத்துக்கு முந்தைய வருமானம். நம் ஆட்கள் கைக்கு வருவதை எழுதுகிறார்கள். 1,700 வெள்ளியில் ஊழியர் சேமநிதிக்கு 11 விழுக்காடு, அதாவது 187 வெள்ளி போய்விடும். கடன் தவணையையும் கழித்து 1,200 என்று எழுதிவிட்டால், சம்பள ரசீதோடு ஒப்பிடும்போது பொய் சொன்னதுபோல் ஆகிவிடும். செம்பனை (எண்ணெய்ப் பனை) குலை வெட்டுபவருக்கு இன்னொரு சிக்கல். விளைச்சல் பொதுவாக ஆண்டுத் தொடக்கத்தில் குறைந்து, ஆகஸ்டு முதல் அக்டோபர் வரை உச்சத்தில் இருக்கும். செப்டம்பர் ரசீது ஒன்றை மட்டும் இணைத்தால் அவர் வசதியானவர். ஆறு மாத ரசீதையாவது இணைத்து, சராசரியைப் பாரத்தின் ஓரத்தில் எழுதிக் கொடுங்கள்.

வாசலில் கார் நிற்கிறதே என்று தள்ளிவிடுவதும் நடக்கிறது. பஸ் வராத தோட்டத்தில் பழைய கஞ்சில் கார் சொகுசு அல்ல, வேலைக்குப் போகிற வழி.

தனித்து வாழும் தாய்மார்கள்தான் அதிகம் அடிபடுகிறார்கள். கணவர் விட்டுப் போய் எட்டு வருடம் ஆகியிருக்கலாம். ஆனால் நீதிமன்ற மணவிலக்கு ஆகாதவரை, தேசியப் பதிவிலாகாவில் அவள் இன்னும் அவருடைய மனைவி. பதிவில் ‘திருமணமானவர்’ என்றிருக்கும்போது பாரத்தில் ‘தனித்து வாழ்பவர்’ என்று எழுதினால் இரண்டும் ஒத்துப்போகாது. கணவர் விட்டுச் சென்றதாகப் போலீஸ் புகாரும் சத்தியப் பிரமாணக் கடிதமும் இணைத்தால் அதிகாரி எதையாவது கையில் வைத்துப் பேச முடியும். நிரந்தரத் தீர்வு மணவிலக்கு வழக்குத்தான். கோயிலில் தாலி கட்டிப் பதிவு செய்யாமல் விட்டவர்களுக்கு, பிள்ளையின் பிறப்புப் பத்திரத்திலிருந்தே சிக்கல் தொடங்குகிறது.

வீட்டுதவியில் விதியே குறுக்கே நிற்கிறது. ஏழைகளுக்கான பிபிஆர்டி வீட்டுத் திட்டத்தில் சொந்த நிலமோ நில உரிமையாளரின் அனுமதியோ வேண்டும். மூன்று தலைமுறையாகத் தோட்டத்து வீட்டில் இருந்தவரிடம் இரண்டும் இருக்காது. எந்தக் குழு எவ்வளவு நேர்மையாகத் தேர்ந்தெடுத்தாலும் அவர் பெயர் வராது. இதைக் குழுவிடம் முறையிட்டுப் பயனில்லை. சட்டமன்ற உறுப்பினர், அமைச்சு வரை கொண்டுபோக வேண்டிய விஷயம்.

கிராம சமூக நிர்வாக மன்றமோ கோயில் நிர்வாகமோ தாங்களே பட்டியல் போடும் உணவுக்கூடை, பள்ளிப்பை போன்றவற்றில் நம் கையில் இருப்பது அதிகம். இந்தியாவில் நூறு நாள் வேலைக்கான 2005ஆம் ஆண்டுச் சட்டம், கணக்கைக் கிராம சபை முன்னால் வைக்கும் சமூகத் தணிக்கையை எழுதியே வைத்தது. அதைச் சிறிய அளவில் இங்கேயும் செய்யலாம். ஞாயிற்றுக்கிழமை மண்டபத்தில் பெயர்களை மட்டும் வாசியுங்கள். வருமானம், நோய், ஐசி (அடையாள அட்டை) எண் வெளியே வர வேண்டாம். மறுப்புச் சொல்ல 14 நாள் கொடுங்கள். “யாரை நீக்கலாம்” என்று எல்லாரும் கேட்பார்கள். “யார் விடுபட்டிருக்கிறார்கள்” என்று கேட்டால்தான் படுக்கையில் கிடக்கும் பாட்டியின் பெயர் வரும். இதைப் பெண்களிடம் தனியாகக் கேளுங்கள். ஆண்கள் பேசும் கூட்டத்தில் அந்தப் பெயர்கள் வருவதில்லை. உறுப்பினரின் சொந்தக்காரர் பெயர் வந்தால் அவர் எழுந்து வெளியே போக வேண்டும். போனார் என்பதைக் கூட்டக் குறிப்பிலும் எழுத வேண்டும்.

மனு கொடுப்பவர்களுக்கு: பாரத்தின் நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். நிராகரித்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள், மேல்முறையீட்டுக்கு அதுதான் பிடி. ஐசியில் இன்னும் பழைய தோட்டத்து முகவரி இருந்தால் மாற்றுங்கள். வீடு பார்க்க வருபவர் இடித்துத் தரைமட்டமான லயத்துக்குப் போய்த் திரும்பிவிடுவார். ப்ரீபெய்ட் கைப்பேசி எண் மாறினால் மனு கொடுத்த ஒவ்வோர் அலுவலகத்துக்கும் தனித்தனியாகச் சொல்ல வேண்டும். ஓரிடத்தில் மாற்றினால் மற்ற இடங்களில் தானாக மாறிவிடும் என்று நம்பி இருக்காதீர்கள்.