பேக்கப்: மூலப்படி, காப்புப்படி, இயங்குபடி

ரிச்சி தெருவில் நின்று "பேக்கப் இருக்கா?" என்று கேட்டுப் பாருங்கள். யூபிஎஸ் கடையில் "ரெண்டு ஃபேன், நாலு லைட்டுன்னா மூணு மணி நேரம் வரும் சார்" என்பார்கள். அழிந்த டேட்டாவை மீட்டுத் தரும் கடையில் "நீங்க எடுக்கவே இல்லியா?" என்று பரிதாபமாகப் பார்ப்பார்கள். பழைய பிளேஸ்டேஷன் 2 செட்டைப் பிரித்துப் போட்டிருக்கும் மேசையிலோ, "பென்டிரைவ் கொண்டாந்திருக்கீங்களா? எத்தனை கேம் போடணும்?" என்று பதில் வரும்.

பொருளைக் காட்டிக்கொடுப்பது சொல்லோடு ஒட்டிவரும் தமிழ் வினைதான். பேக்கப் 'வந்தால்' மின்சாரம், 'எடுத்தால்' தரவு, 'போட்டால்' கேம். தெரு கிரிக்கெட்டில் பந்தைத் தடுப்பவனுக்குப் பின்னால் இன்னொருவன் பேக்கப் 'நிற்பான்'. கோடம்பாக்கத்தில் பேக்கப் 'சொல்லிவிட்டால்' அன்றைய படப்பிடிப்பு முடிந்தது என்று அர்த்தம். ஆனால் அது மூட்டை கட்டுவதைக் குறிக்கும் வேறோர் ஆங்கிலச் சொல். தமிழில் வல்லினப் பகரம் ஒன்றே என்பதால் இரண்டும் ஒரே எழுத்தில் வந்து நிற்கின்றன.

நம் சொல்லின் ஆங்கில வேரில் இருப்பது முதுகு. ஒருவருக்குப் பின்னால் நின்று தாங்குவது என்ற பொருளிலிருந்து, முன்னால் இருப்பது கைவிட்டால் அதன் இடத்துக்கு வருவது என்ற பொருள் கிளைத்தது. கிரிக்கெட்டும் யூபிஎஸ்ஸும் இந்தப் பொருளில்தான் இருக்கின்றன. கணினிக்கு வந்தபோது அது மூலம் அழிந்தால் உதவ எடுத்து வைக்கும் படியாயிற்று. இதுவரை எல்லாம் ஒரே குடும்பம். பேக்கப் என்றால் சும்மா இருப்பது. தேவைப்படும் நாளில் மட்டும் எழுந்து வருவது.

கேம் செட்டுக்கு வந்தபோதுதான் சொல் குணம் மாறியது. பிளேஸ்டேஷன் 2 ஜப்பானில் 2000 மார்ச் 4 அன்று வெளியானது. வீட்டு டிவிடி ரைட்டரால் எழுத முடியாத அடையாளம் ஒன்று அதன் அசல் டிஸ்கில் உண்டு. அது இல்லாத டிஸ்கை செட் ஏற்காது. அந்தச் சோதனையைத் தாண்ட உள்ளே பற்றவைத்ததுதான் மாட் சிப். 'சிப் போட்ட செட்' என்பது அந்தக் காலத்தில் பர்மா பஜாரில் எல்லோருக்கும் புரிந்த சொற்றொடர். அந்தச் செட்டுக்கென எரித்த டிஸ்குக்குத்தான் பேக்கப் என்று பெயர். வாங்குபவரிடம் மூல டிஸ்க் இருந்ததே இல்லை. அப்படியிருக்க எதற்குப் பேக்கப்? பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதை இலக்கண நூலார் குழூஉக்குறி என்பார்களே, அந்த வகை இது. நிண்டெண்டோவின் வீ செட்டில் இந்தக் குறி கோப்பு முறையின் பெயருக்குள்ளேயே ஏறிவிட்டது: டபிள்யூபிஎஃப்எஸ் என்பதன் விரிவு 'வீ பேக்கப் ஃபைல் சிஸ்டம்'.

தமிழில் இதற்குச் சொல் தேடுவோர் முதலில் எட்டுவது 'காப்பு'. 'கா' என்ற பகுதியோடு 'பு' விகுதி சேர்ந்தது. திருவிழாவுக்கு முன் கையில் கட்டும் மஞ்சள் கயிறும் காப்பு, நூலின் தொடக்கத்தில் வரும் செய்யுளும் காப்பு, குழந்தையின் கைவளையும் காப்பு. நாளிதழ்த் தலைப்பில் 'வாலிபருக்குக் காப்பு' என்றால் விலங்கு. கேம் பேக்கப் விஷயத்தில் இந்தக் கடைசிப் பொருளையும் மறக்காமல் இருப்பது நல்லது. சட்டத்தைப் பிறகு பார்ப்போம்.

அடுத்த பாதிதான் சிக்கல். 'நகல்' உருது வழியாக வந்த அரபுச் சொல். 'பிரதி' வடசொல். கைபேசிகளின் தமிழ்த் திரையில் புழங்குவது 'காப்புப்பிரதி'. தமிழில் ஏற்கெனவே இருந்தது 'படி'. ஏடு பெயர்த்தெழுதிய காலத்திலிருந்தே மூலப்படி, கையெழுத்துப்படி, படியெடுத்தல் எல்லாம் உண்டு. ஓலை செல்லரிக்கும், ஒடியும். அதனால் புதிய ஓலையில் படியெடுத்து வைத்தார்கள். பெசன்ட் நகரில் இருக்கும் உ.வே.சா. நூலகத்து ஏடுகள் பலவும் அப்படிப் பெயர்த்தெழுதப்பட்டுப் பிழைத்து வந்தவைதாம். பேக்கப் என்ற வேலையைத் தமிழர் புதிதாகக் கற்க வேண்டியிருக்கவில்லை. 'காப்புப்படி' என்றதும் அரசு ஊழியர் காதில் பஞ்சப்படி, பயணப்படி வரிசையில் இன்னொரு படி கூடியதுபோல் ஒலிக்கலாம்; அந்தக் குறையைப் பொறுத்துக்கொள்ளலாம்.

ஆனால் பென்டிரைவில் இருந்து ஓடும் கேமுக்குக் காப்புப்படி என்ற பெயர் பொருந்தாது. அது காப்புக்காக வைத்தது அல்ல, ஆடுவதற்கென வைத்தது. அதை 'இயங்குபடி' என்பதே சரி. ஊறுகாய், சுடுசோறு போல வினைத்தொகை. ஆக, கையிலிருக்கும் டிஸ்க் மூலப்படி. அதிலிருந்து கணினியில் எடுத்து வைக்கும் ஐஎஸ்ஓ, அதாவது டிஸ்க் முழுவதையும் ஒன்றாக அடக்கிய கோப்பு, காப்புப்படி. அதிலிருந்து பென்டிரைவுக்குப் போவது இயங்குபடி. மூன்றையும் பேக்கப் என்றே சொல்லப்போய், பென்டிரைவில் கேம் இருக்கிறது என்ற தைரியத்தில் டிஸ்கையும் ஐஎஸ்ஓவையும் தொலைத்தவர்கள் உண்டு.

முதலில் காப்புப்படி. பிளேஸ்டேஷன் 2 டிஸ்கைச் சாதாரணக் கணினி டிவிடி டிரைவே படிக்கும். அடிப்பக்கம் வெள்ளியாக இருந்தால் டிவிடி, நீலமாக இருந்தால் சிடி. டிவிடியை நேராக ஐஎஸ்ஓவாக எடுக்கலாம். சிடி பெரும்பாலும் 'பின்', 'கியூ' என்ற இரட்டைக் கோப்பாக வரும். அதை ஐஎஸ்ஓவாக மாற்றிக்கொள்ள வேண்டும். கீறல் விழுந்த டிஸ்கில் மென்பொருள் பிழை காட்டாமலேயே தவறான பைட்டு நுழைந்துவிடலாம். ஏடு எழுதியவர் கைபிசகினால் பாடபேதம் வந்ததே, அதே கதை. ஆகவே இரண்டு முறை படியெடுத்து, கோப்புக்குக் கைரேகை போன்ற எம்டி5 மதிப்பை இரண்டிலும் ஒப்பிடுங்கள். அசல் டிஸ்குகளின் மதிப்பைத் தொகுத்து வைக்கும் ரீடம்ப் தரவுத்தளத்தில் அந்த டிஸ்குக்குப் பதிவான மதிப்போடும் பொருந்தினால் படி சுத்தம். ஏதோ ஒரு கட்டத்தில் கேம் நின்றுபோனால் செட்டைத் திட்டும் முன் இதைப் பாருங்கள்.

அடுத்து 'லோடர்'. தமிழில் 'ஏற்றி'. பிளேஸ்டேஷன் 2க்கு ஓப்பன் பிஎஸ்2 லோடர், சுருக்கமாக ஓபிஎல். கேம் 'டிஸ்கில் இருந்து படித்துக் கொடு' என்று கேட்கும்போது அந்தக் கேள்வியை இடைமறித்து, பென்டிரைவில் இருந்து பதில் கொடுப்பதுதான் அதன் வேலை. சிப் தேவையில்லை. ஆனால் ஓபிஎல்லைத் திறக்க ஒரு வாசல் வேண்டும். வழக்கமான வாசல், 8 எம்பி மெமரி கார்டில் நிறுவிய ஃப்ரீ எம்சிபூட் என்ற மென்பொருள். 90000 வரிசை ஸ்லிம் செட்டுகளில், பயாஸ் என்ற உள்மென்பொருளின் 2.30 பதிப்பு உள்ள பிற்காலத் தயாரிப்புகளில் இது வேலை செய்யாது. கார்டை வாங்கிவிட்டுக் கடையில் சண்டை போடாமல், முதலில் செட்டின் அடிப்பக்க ஸ்டிக்கரைப் படியுங்கள். அப்படிப்பட்ட செட்டுக்கு 2020இல் வந்த ஃப்ரீ டிவிடி பூட் போன்ற வேறு வழிகள் உண்டு. இந்த வகைச் செயலிகளை ஆங்கிலத்தில் ஹோம்ப்ரூ என்பார்கள். சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் 'வீட்டில் காய்ச்சியது' என்று வரும். தமிழ்நாட்டில் அதற்கு மதுவிலக்குப் போலீஸ்தான் வரும். 'தன்னாக்கச் செயலி' போதும்.

இயங்குபடியில்தான் பாதிப் பேர் தடுக்கி விழுகிறார்கள். பென்டிரைவ் எம்பிஆர் என்ற பகிர்வு முறையில் இருப்பது நல்லது. ஃபேட்32 கோப்பு முறையில் ஒரு கோப்பின் உச்ச அளவு 4,29,49,67,295 பைட்டு. ஓரடுக்கு டிவிடியோ ஏறத்தாழ 470 கோடி பைட்டு கொள்ளும். அதனால் பெரிய கேமை நகலெடுக்கும்போது, பென்டிரைவில் இடம் காலியாக இருந்தும் 'கோப்பு பெரிது' என்று கணினி மறுக்கும். அதைப் பழைய முறையில் 'யூஎஸ்பியூட்டில்' என்ற மென்பொருள் கொண்டு துண்டுகளாக வெட்டுவார்கள்; துண்டுகளின் பட்டியல் ஒரு சின்னக் கோப்பில் இருக்கும், அது அழிந்தால் பட்டியலில் கேமே தெரியாது. ஓபிஎல் 1.2.0 வரிசை இந்த உச்ச அளவு இல்லாத எக்ஸ்ஃபேட் கோப்பு முறையையும் படிக்கிறது என்பதால் இப்போது வெட்டத் தேவையில்லை. வெள்ளி டிஸ்கின் கோப்பு 'டிவிடி' என்ற அடைவிலும், நீல டிஸ்கின் கோப்பு 'சிடி' என்ற அடைவிலும் போக வேண்டும். அடைவுப் பெயர்கள் ஆங்கிலப் பெரிய எழுத்தில்.

எல்லாம் சரியாக இருந்தும் சில செட்டில் கேம் கிளம்பாது. பெரும்பாலும் காரணம் கோப்பு சிதறிக் கிடப்பது. ஒரு கேமை அழித்து இன்னொன்றைப் போட, காலியான ஓட்டைகளில் புதுக் கோப்பு துண்டு துண்டாக உட்காரும். பென்டிரைவில் தரவு ஒரே நீளமாகக் கிடக்கும் என்று நம்பித்தான் ஏற்றி கணக்குப் போடுகிறது. சிதறியிருந்தால் பழைய பதிப்புகள் அப்படியே மறுத்துவிடும். மருந்து எளிது: பென்டிரைவை முழுக்க ஃபார்மட் செய்து, கேம்களை ஒவ்வொன்றாக, ஒன்று முடிந்தபின் அடுத்தது என்று போடுங்கள். இப்படி அடிக்கடி துடைத்து எழுத வேண்டிய ஒன்றையா காப்பு என்பது?

வேகத்தைப் பற்றியும் ஒரு பொய்யான நம்பிக்கை உலவுகிறது. செட்டின் யூஎஸ்பி 1.1 வகை, ஏட்டளவில் நொடிக்கு 12 மெகாபிட், அதாவது 1.5 எம்பி. கையில் கிடைப்பது 1 எம்பிக்குப் பக்கம். செட்டின் சொந்த டிவிடி டிரைவ் 4 மடங்கு வேகத்தில் நொடிக்கு 5 எம்பிக்கு மேல் தரும். கேமை எழுதியவர்கள் அந்த 5 எம்பியை நம்பி எழுதியிருக்கிறார்கள். அதனால்தான் நடுநடுவே வரும் வீடியோக் காட்சிகள் திக்குகின்றன, குரல் வாயசைவுக்குப் பின்னால் வருகிறது. விலை கொடுத்து யூஎஸ்பி 3 பென்டிரைவ் வாங்கினாலும் இதில் ஒரு மாற்றமும் வராது. குண்டு செட் இருந்தால் நெட்வொர்க் அடாப்டரில் ஹார்ட் டிஸ்க் மாட்டுங்கள். ஸ்லிம் என்றால் ஈதர்நெட் கேபிள் வழியாகக் கணினியில் இருந்து ஓட்டுங்கள். கணினிப் பகிர்வுக்கு ஓபிஎல் கேட்பது எஸ்எம்பி என்ற கோப்புப் பகிர்வு நெறிமுறையின் முதல் பதிப்பு. புதிய விண்டோஸில் அது அணைக்கப்பட்டிருக்கும். பாதுகாப்புக்காக அணைத்தது என்பதால் ஆடும் நேரத்துக்கு மட்டும் போடுங்கள். கையடக்க ஹார்ட் டிஸ்கைச் செட்டின் யூஎஸ்பியில் நேராகச் செருகி 'டிக் டிக்' என்று சத்தம் கேட்டால், மின்சாரம் போதவில்லை. தனி மின்சாரம் உள்ள ஹப் வேண்டும்.

லென்ஸ் தேய்ந்ததால் இந்த வழிக்கு வருபவர்களே அதிகம். நீல டிஸ்க் ஓடுகிறது, வெள்ளி டிஸ்க் ஓடவில்லை என்பார்கள். சிடிக்கு 780, டிவிடிக்கு 650 நானோமீட்டர் என இரண்டு லேசர். ஒன்று தளர்ந்தாலும் மற்றது நிற்கும். ஏற்றி வழியில் கேம் ஓட லேசருக்கு வேலையே இல்லை.

சட்டத்துக்கு வருவோம். 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 52(1)(ஏஏ) பிரிவு இந்தச் சொல்லையே கையாள்கிறது. கணினி நிரலின் படியை முறையாக வைத்திருப்பவர், இழப்பு, அழிவு, சேதத்திலிருந்து தற்காலிகப் பாதுகாப்பாக மட்டும் பேக்கப் படி எடுக்கலாம். முறையாக வைத்திருப்பவர், பாதுகாப்பாக மட்டும்: இந்த இரண்டு நிபந்தனையும் நம் காப்புப்படியின் வரையறையேதான். கடைக்காரர் ஐம்பது கேமை ஏற்றித் தரும் பென்டிரைவ் இதில் எங்கும் அடங்காது. 2012 திருத்தத்தில் சேர்ந்த 65ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு தொழில்நுட்பப் பூட்டை உடைப்பதற்கு 2 ஆண்டு வரை சிறையும் அபராதமும் வைக்கிறது. காப்பின் நாளிதழ்ப் பொருள் வருவது இங்கேதான்.

இத்தனை பேக்கப்புக்கும் நடுவில், உண்மையில் காப்புப்படி வேண்டிய ஒன்றுக்கு மட்டும் யாரும் அந்தப் பெயர் வைப்பதில்லை: மெமரி கார்டில் இருக்கும் சேவ், அதாவது ஆட்டத்தில் எட்டிய நிலையின் பதிவு. டிஸ்க் போனால் இன்னொரு டிஸ்க் கிடைக்கும். நீங்கள் ஆடிச் சேர்த்த சேவ் வேறெங்கும் இல்லை. ஃப்ரீ எம்சிபூட்டோடு வழக்கமாக வரும் யூலாஞ்ச்எல்ஃப் என்ற கோப்பு மேலாளரைத் திறந்து, கார்டுக்குள் போய், சேவ் அடைவின் மேல் நின்று ஆர்1 அழுத்தி 'காப்பி' கொடுங்கள். பிறகு பென்டிரைவுக்குப் போய் மீண்டும் ஆர்1. அங்கே வெறும் 'பேஸ்ட்' கொடுத்தால் கோப்புகளின் தேதியும் பண்புகளும் காணாமல் போகக்கூடும். பட்டியலின் கீழே இருக்கும் 'பிஎஸ்யூ பேஸ்ட்' கொடுத்தால் சேவ் முழுவதும் ஒரே கோப்பாக இறங்கும். அந்தக் கோப்பைக் கணினிக்கு மாற்றிவிட்டுத்தான் பென்டிரைவை அடுத்த ஃபார்மட்டுக்குக் கொடுக்க வேண்டும்.