நுண்பாசி உயிரி டீசல்: சொல்லும் பொருளும்

கண்ணுக்குப் புலப்படாத பாசிகள் தம் உடலணுக்களில் சேர்த்து வைக்கும் கொழுப்பைப் பிரித்தெடுத்து, மெத்தனாலுடன் வினைபுரியச் செய்து பெறும் எரிபொருளுக்கு 'மைக்ரோஆல்கே பயோடீசல்' என்று பெயர். இதில் 'மைக்ரோ', 'பயோ' இரண்டும் கிரேக்கம். 'ஆல்கா' இலத்தீனில் கடற்பாசியைக் குறித்த சொல். 'டீசல்' என்பதோ ருடால்ஃப் டீசல் என்ற ஜெர்மானியப் பொறியாளரின் குடும்பப் பெயர்.

'ஆல்கா'வுக்கு நிகராகத் தமிழில் புதுச்சொல் தேட வேண்டியதே இல்லை. 'பாசி' பசுமை என்னும் வேரிலிருந்து கிளைத்தது. பாசிலை, பாசடை என்ற பழஞ்சொற்களிலும் அந்தப் பச்சையே இருக்கிறது. குறுந்தொகையின் 399ஆம் பாடலில், ஊரார் நீருண்ணும் கேணியில் கை படும் இடத்தில் விலகி, கை எடுத்ததும் மீண்டும் படரும் பாசி, தலைவனைப் பிரிந்த தலைவியின் மேனியில் படரும் வெளிறலாகிய பசலைக்கு உவமையாகிறது. பசலையும் அதே வேரில் பிறந்த சொல்தான். இந்த உறவு ஆய்வகத்திலும் கண்ணில் படுகிறது: நைட்ரஜன் ஊட்டம் குறைந்தால் பல நுண்பாசிகள் பச்சையத்தை இழந்து வெளிறுகின்றன, அந்த நிலையில்தான் அவற்றுள் எண்ணெய் மிகுதியாகத் திரள்கிறது. 'நைல் சிவப்பு' என்ற சாயமிட்டு ஒளிர்நுண்ணோக்கியில் பார்த்தால், எண்ணெய்த் துளிகள் பொன்மஞ்சளாக ஒளிரும். ஆனால் வெளிறிய பாசி வளர்வதும் மெதுவாகிறது. 1978 முதல் 1996 வரை அமெரிக்க எரிசக்தித் துறை நடத்திய ஆய்வுத் திட்டம், பட்டினியால் எண்ணெயின் விழுக்காடு உயர்ந்தாலும் மொத்த விளைச்சல் உயரவில்லை என்றே கண்டது.

'பாசி' என்று மட்டும் சொன்னால் படிக்கட்டில் வழுக்கும் பாசியும் கடற்பாசியும் பாசிமணியும்கூட நினைவுக்கு வருமாதலால், சில மைக்ரோமீட்டர் அளவே உள்ள குளோரெல்லா போன்றவற்றுக்கு 'நுண்' என்னும் அடை தேவைப்படுகிறது.

'டீசல்' ஆட்பெயர் என்பதால், வாட், வோல்ட் போல அதை அப்படியே வைத்துக்கொள்வதே முறை. 1900இல் பாரிஸ் கண்காட்சியில் டீசல் இயந்திரம் ஒன்று நிலக்கடலை எண்ணெயில் ஓடிக் காட்டியது. எனினும் அந்த எண்ணெயை உயிரி டீசல் என்று அழைக்கக் கூடாது. தாவர எண்ணெயின் பாகுத்தன்மை டீசலைப்போல் பத்து மடங்குக்கும் மேல் என்பதால் அது எரிகலனுள் சரியாகத் தூவப்படுவதில்லை. ஆகவே கொழுப்பின் ஒரு மூலக்கூறை மூன்று மெத்தனால் மூலக்கூறுகளுடன் வினையூக்கி முன்னிலையில் சேர்த்து, மூன்று மெத்தில் எஸ்டர்களாகவும் ஒரு கிளிசராலாகவும் பிரிக்கிறார்கள். இந்த 'எஸ்டர் பரிமாற்றம்' முடிந்த பின் கிடைக்கும் எஸ்டர்களுக்கே 'உயிரி டீசல்' என்ற பெயர் பொருந்தும்.

பலர் பிழைபடுவது இங்கேதான். பாசியிலிருந்து பிழிந்த கொழுப்பைப் 'பாசியெண்ணெய்' என்றும், வினைக்குப் பின் கிடைப்பதை 'நுண்பாசி உயிரி டீசல்' என்றும் பிரித்து எழுத வேண்டும். ஈரப்பாசியை உயர் வெப்பத்திலும் அழுத்தத்திலும் திரவமாக்கிப் பெறும் கரிய நெய்மம் இவ்விரண்டிலும் சேராது. அதை 'உயிரிக் கச்சா எண்ணெய்' எனலாம். 'பசுமை டீசல்' என்பதும் வேறு, அது கொழுப்பை ஹைட்ரஜனேற்றிப் பெறும் ஹைட்ரோகார்பன். 'பயோ' உயிரைக் குறித்தாலும், இங்கே கருதப்படுவது உயிருள்ள பொருளிலிருந்து வந்தது என்பதாகையால், 'உயிர் டீசல்' என்பதைவிட 'உயிரி டீசல்' என்பதே திருத்தமான வடிவம்.