கரையேறிய பின் தொடங்கும் பாடு: கடலடி மரத்தைக் காக்கும் அறிவியல்

கீழடி அருங்காட்சியகத்தைப் பார்த்துவிட்டுத் தொல்லியல் படிக்க விரும்பும் மதுரை மாணவர்களில் சிலருக்குக் கடலடி அகழாய்வின்மீதும் ஆசை பிறக்கிறது. அதற்கு நியாயம் உண்டு; வைகை கடலில் கலக்கும் பகுதியிலுள்ள அழகன்குளத்தில் ரோமானிய நாணயங்களும், கப்பல் உருவம் கீறிய பானை ஓடும் கிடைத்திருக்கின்றன. ஆனால் இத்துறையில் மூழ்கி எடுப்பதைவிட, எடுத்ததைக் காப்பதுதான் பெரும்பாடு.

மரத்தையே எடுத்துக்கொள்வோம். மூழ்கிய கப்பலில் சேற்றில் புதையாமல் நீரில் திறந்து கிடக்கும் மரத்தைக் கப்பற்புழு துளைத்துத் தின்றுவிடும். சேற்றில் புதைந்த பகுதிக்கு ஆக்சிஜன் எட்டாததால் புழு அங்கே வாழ முடியாது. எனினும், மிகக் குறைந்த ஆக்சிஜனிலும் தாக்குப்பிடிக்கும் பாக்டீரியாக்கள் செல் சுவரின் செல்லுலோசை நூற்றாண்டுக் கணக்கில் அரித்து, மரத்துக்கு விறைப்பு தரும் லிக்னின் என்ற பொருளின் கூட்டைப் பெரும்பாலும் விட்டுவைக்கின்றன. அரிக்கப்பட்ட இடத்தை நீர் நிரப்பிக்கொள்கிறது. ஆணித்துளையும் உளித் தடமும்கூடத் தெளிவாகத் தெரியும் அந்தப் பலகையை நகத்தால் அழுத்தினாலே பள்ளம் விழும். மதுரையின் சித்திரை வெயிலில் அதைக் காயப்போட்டால், ஆவியாகும் நீரின் பரப்பு இழுவிசை மெலிந்த செல் சுவர்களை உள்ளே இழுத்து நொறுக்க, பலகை சுருங்கி, முறுக்கிக்கொண்டு, வெடித்துப்போகும். அப்படிச் சுருங்கியதைப் பழைய வடிவுக்குக் கொண்டுவர முடியாது.

ஆகவே, நீர் இருந்த இடத்தில் வேறொன்றை நிரப்புகிறார்கள். பாலிஎத்திலீன் கிளைகால் என்னும், நீரில் கரையும் மெழுகுத்தன்மையுள்ள பொருளே அது. 1628இல் மூழ்கி 1961இல் தூக்கப்பட்ட சுவீடனின் வாசா கப்பல்மீது இதன் கரைசலை 17 ஆண்டுகள் தெளித்தார்கள். சிறு பொருளாயின் தொட்டியில் ஊறவைத்து, பின்பு உறையவைத்து, வெற்றிடத்தில் உலர்த்துவதுண்டு. பனிக்கட்டி உருகாமல் நேரே ஆவியாவதால் பரப்பு இழுவிசைக்கே அங்கு வேலையில்லை. இத்தனைக்குப் பிறகும், வாசாவின் மரத்தில் ஏறியிருந்த கந்தகம், துருப்பிடித்த ஆணிகளின் இரும்பு தூண்ட, காற்றுப்பட்டு அமிலமாக மாறத் தொடங்கியது. அந்தக் கப்பலைக் காக்கும் வேலை இன்றும் நடக்கிறது.

இரும்புக்கு உப்புதான் பகை. உப்பிலிருந்து ஏறிய குளோரைடு வெளியேறும்வரை இரும்பைக் காரக் கரைசலில் மாதக்கணக்கில் வைத்திருக்க வேண்டும்.

சரக்கை விற்பதற்காக மூழ்கிய கப்பலைக் கிளறும் மீட்பு வணிகத்தை நான் தொல்லியலோடு சேர்க்க மாட்டேன். பூம்புகார்க் கடலில் கிடைத்த ஈயப் பாளங்களில் 1791, 1792 என்ற ஆண்டுகள் பொறிக்கப்பட்டிருந்தன. அவற்றைக் கப்பலோடு சேர்த்து ஆராயும்போதுதான் அக்கப்பலின் காலம் புலப்படுகிறது, எடைக்கு விற்றால் வெறும் ஈயம்தான். நீருக்கடியிலுள்ள மரபுச் சின்னங்களை வணிகப் பொருளாக்கக் கூடாது என்பதும், இயன்றவரை அவற்றைக் கிடக்கும் இடத்திலேயே காக்க வேண்டும் என்பதும் யுனெஸ்கோவின் 2001ஆம் ஆண்டு உடன்படிக்கையின் விதிகள்.

கடலுக்கடியில் 30 மீட்டர் ஆழத்தில் அழுத்தம் கரையில் உள்ளதைப்போல் 4 மடங்கு; உடலில் கரையும் நைட்ரஜன் காரணமாக அங்கே தங்கும் நேரத்தை நிமிடக் கணக்கில் அளந்துகொள்ள வேண்டும். ஆய்வுக்கூட வேலையோ ஆண்டுக்கணக்கில் நீளும். எனவே நீச்சல் தெரியாத, ஆனால் வேதியியலில் தேர்ந்த மாணவருக்கும் இத்துறையில் இடமுண்டு. மதுரைக்கு எட்டும் தொலைவிலேயே, தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் கடல்சார் தொல்லியலுக்கென ஒரு துறை இருக்கிறது.