பாலே ஊற்றவில்லை, ஆனாலும் அதில் பால் இருந்தது

போன ஐப்பசியில் ஒரு சனிக்கிழமை. நாலு வயதுப் பையனைக் கூட்டிக்கொண்டு ஓர் அம்மா வந்திருந்தார். பையனுக்குப் பசும்பால் அலர்ஜி. ஒன்றரை வயதிலேயே குழந்தை மருத்துவர் உறுதி செய்துவிட்டார். அந்த அம்மா கையில் ஒரு சில்வர் டப்பா, உள்ளே அவரே செய்த பொரி குக்கீஸ். முந்தின நாள் சாயங்காலம் ரெண்டு தின்றதும் பையனுக்கு உதடு தடித்து, கழுத்தெல்லாம் தடிப்புத் தடிப்பாக வந்திருக்கிறது. இரவே மருத்துவமனையில் காட்டி மருந்து வாங்கிவிட்டார்கள், நல்லவேளை.

"பாலே ஊத்தலீங்க மேடம். வெண்ணெய்கூடப் போடலை, மார்ஜரின்தான். அது எண்ணெய்தானுங்களே?"

மார்ஜரின் உறையைக் கொண்டுவரச் சொல்லியிருந்தேன். பொருட்பட்டியலில் பொடி எழுத்தில் நாலாவதாக 'மில்க் சாலிட்ஸ்' இருந்தது. எண்ணெயில் செய்வதுதான் மார்ஜரின். ஆனால் வெண்ணெய் வாசம் வரட்டும் என்று பல கம்பெனிகள் பால் திடப்பொருளைச் சேர்க்கின்றன. சேர்க்காதவையும் உண்டு. உறையைப் படித்தால்தான் தெரியும்.

உணவியல் ஆலோசகராக என்னிடம் வருகிறவர்களில் 'பால் ஒத்துக்காது' என்று சொல்பவர்கள் இரண்டு வகை. இரண்டையும் ஒன்றாக்கிக் குழப்புவதுதான் நான் அதிகம் பார்க்கும் தவறு. ஒன்று அலர்ஜி. பாலிலுள்ள கேசின், வே புரதங்களை உடம்பின் எதிர்ப்பு மண்டலம் எதிரியாக நினைத்துப் பாய்வது. துளி பட்டாலும் ஆபத்தாகலாம். மற்றது, பாலின் சர்க்கரையான லாக்டோஸைச் செரிக்கும் நொதி குடலில் குறைவாக இருப்பது. வயிறு உப்பும், கடமுடவென்று சத்தம் போடும், பேதியாகும். அவதிதான், ஆனால் உயிருக்கு ஆபத்தில்லை. இரண்டாவது வகைக்காரருக்கு மோர் பெரும்பாலும் ஒத்துக்கொள்ளும், நெய்யும் ஒத்துக்கொள்ளும். காபியில் விடும் பால்கூடப் பலருக்குத் தொந்தரவு தராது. அவர்கள் இந்தக் குக்கீஸுக்காக இத்தனை மெனக்கெட வேண்டியதே இல்லை. முதல் வகைக் குழந்தைக்கோ காய்ச்சி வடித்த நெய்யிலும் புரதத் துணுக்குகள் மிஞ்சியிருக்கும் என்பதால் அதையும் நம்ப முடியாது.

வீட்டுப் பெரியவர்கள் சொல்லும் இரண்டு யோசனைகளையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். "ஆட்டுப்பால் கொடுங்க, நாட்டுமாட்டுப் பால் கொடுங்க." ஆட்டுப்பாலின் புரதமும் பசும்பால் புரதமும் கிட்டத்தட்ட ஒரே சாயல். பசும்பால் சேராத குழந்தைகளில் மிகப் பெரும்பாலோருக்கு அதுவும் சேராது. ஏ2 என்று விலை கூட்டி விற்கும் நாட்டுமாட்டுப் பாலிலும் கேசின் இருக்கிறது, வே புரதமும் இருக்கிறது.

பால் எங்கெல்லாம் ஒளிந்திருக்கும்? டார்க் சாக்லேட் என்று நம்பி வாங்கும் சிப்ஸில். பிரெட் தூளில். காபி க்ரீமரில் 'நான்-டெய்ரி' என்று பெரிதாகப் போட்டிருப்பார்கள், பட்டியலில் சோடியம் கேசினேட் இருக்கும், அது பாலின் கேசின்தான். எனக்கே தூக்கிவாரிப்போட்டது தேங்காய்ப்பால் பவுடர்தான். தண்ணீரில் திரியாமல் கரைவதற்காகப் பல பிராண்டுகளில் அதே சோடியம் கேசினேட்டைச் சேர்க்கிறார்கள். தேங்காய்ப்பாலில் மாட்டுப்பால்! அதனால் தேங்காயைத் துருவி நீங்களே பிழிந்துகொள்ளுங்கள். பச்சைப் புள்ளியைப் பார்த்து ஏமாறவும் வேண்டாம். அது சைவம் என்று சொல்லுமே தவிர பால் இல்லை என்று சொல்லாது. பார்க்க வேண்டியது பொருட்பட்டியலையும், அதன் கீழே 'கன்டெயின்ஸ்' என்று தொடங்கும் அலர்ஜி வரியையும். பால் சேர்த்திருந்தால் அதை அங்கே சொல்ல வேண்டும் என்பது நம் நாட்டுச் சட்டம்.

சரி, அடுப்படிக்கு வருவோம். வெண்ணெயில் ஏறத்தாழ 80 சதவீதம்தான் கொழுப்பு, மிச்சத்தில் பெரும்பகுதி தண்ணீர். 100 கிராம் வெண்ணெய்க்கு 100 கிராம் எண்ணெய் என்று மாற்றினால் குக்கீஸ் தட்டிலேயே எண்ணெய் கக்கிவிடும். 80 கிராம் எண்ணெயும் ஒரு மேசைக்கரண்டி தேங்காய்ப்பாலும் போதும். எண்ணெய் என்றால் என் கை தேங்காயெண்ணெய்க்குத்தான் போகும், உறையும் குணம் இருப்பதால். ஆனால் 24 டிகிரிக்கு மேல் அது உருகி ஓடும். கோவை வெயிலிலேயே மாவு தளதளத்துவிடுகிறது, சென்னையைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். உருட்டிய மாவைத் தட்டோடு 20 நிமிடம் ஃப்ரிட்ஜில் வைத்து எடுத்தால் அடுப்பில் பரந்து வழியாது.

இனி பொரி. 'முழுத்தானியப் பொரி' என்று வாட்ஸ்அப்பில் சுற்றும் செய்முறைகளில் பாதி, கடையில் விற்கும் சாதாரண அரிசிப்பொரியைத்தான் சொல்கின்றன. அது புழுங்கலரிசியில் உப்புத்தண்ணீர் சேர்த்து, காய்ந்த மணலில் பொரிப்பது. அரிசியைத் தீட்டும்போதே தவிடும் முளையும் போய்விட்டன. தின்னக் குற்றமில்லை, முழுத்தானியம் என்று சொல்வதுதான் குற்றம். கார்த்திகைக்கு வாங்குகிறோமே நெற்பொரி, அது வேறு. நெல்லை உமியோடு பொரித்து உமியை மட்டும் நீக்குவதால் தவிடு அதிலேயே இருக்கும். வெள்ளைச்சோளம், கம்பு, மக்காச்சோளப் பொரியும் அப்படித்தான், மணி தோலோடு வெடிக்கிறது. மணிக்குள் இருக்கும் ஈரம் சூட்டில் ஆவியாகி, வெளியேற வழியில்லாமல் முட்டி, மாவுச்சத்தை நுரைபோல ஊதிவிட்டு வெடிப்பதுதான் பொரி. மணி காய்ந்து கிடந்தால் பொரியாது. அதனால் சோளத்தில் கொஞ்சம் தண்ணீர் தெளித்துப் பிசறி ஒருமணி நேரம் மூடிவைத்து, நன்றாகக் காய்ந்த இரும்புச்சட்டியில் ஒரு கைப்பிடியாகப் போட்டு மூடுங்கள். பொரியாத மணி கட்டாயம் மிஞ்சும். சல்லடையில் சலித்து எடுக்காவிட்டால் பல் பதம் பார்த்துவிடும். கடைப்பொரி என்றால் மணலுக்காகவும் ஒருமுறை சலியுங்கள்.

நான் செய்யும் அளவு: கோதுமை மாவு 120 கிராம், வெள்ளைச்சோளப் பொரி 30 கிராம், நாட்டுச்சர்க்கரை 70 கிராம், தேங்காயெண்ணெய் 65 கிராம், எள் 15 கிராம், அரை டீஸ்பூன் பேக்கிங் பவுடர், ஒரு சிட்டிகை உப்பு, கெட்டித் தேங்காய்ப்பால் இரண்டு அல்லது மூன்று மேசைக்கரண்டி. பொரியில் பாதியை மிக்ஸியில் பொடித்து மாவோடு சேர்க்க வேண்டும், மீதியைக் கையால் நொறுக்கிக் கடைசியில் கலக்க வேண்டும். எண்ணெயையும் சர்க்கரையையும் முதலில் குழைத்து, மாவைக் கலந்து, தேங்காய்ப்பாலைக் கரண்டி கரண்டியாக விடுங்கள். உருண்டை பிடிக்க வந்ததும் நிறுத்திவிடுங்கள். பொரி ஈரத்தை உறிஞ்சிக்கொண்டே இருக்கும், 'இன்னும் வறட்சியா இருக்கே' என்று பால் விட்டுக்கொண்டே போனால் சவசவத்துப்போகும். ஓவனைப் பத்து நிமிடம் சூடாக்கி, 160 டிகிரியில் 16 முதல் 18 நிமிடம். இருபது குக்கீஸ் வரும்.

தயவுசெய்து பொரியைக் கப்பில் அளக்காதீர்கள். ஒரு கப் அரிசிப்பொரி 15 கிராம்தான் நிற்கும். நொறுக்கி அமுக்கினால் அதே கப்பில் இரண்டு மடங்கு போகும். எனக்கு வந்த 'மேடம், உதிர்ந்துபோச்சு' புகார்களில் முக்கால்வாசி கப் அளவில் வந்த வினை. ஒரு தராசு வாங்கி வையுங்கள்.

நிறத்தைப் பார்த்தும் அவசரப்படக் கூடாது. பாலின் புரதமும் சர்க்கரையும் சூட்டில் சேர்ந்துதான் வெண்ணெய் பிஸ்கட்டுக்கு அந்தப் பொன்னிறத்தில் ஒரு பங்கு வருகிறது. இது கொஞ்சம் வெளிறித்தான் இருக்கும். சிவக்கட்டும் என்று விட்டால் அடி கருகும். ஓரம் லேசாக நிறம் மாறியதும் எடுத்துவிடுங்கள், அப்போது மெத்தென்றுதான் இருக்கும். ஆறினால் மொறுமொறுப்பு வரும். முழுக்க ஆறாமல் டப்பாவில் அடைத்தால் பொரி நமுத்துவிடும், மழைநாளில் இன்னும் சீக்கிரம். நமுத்தால் 120 டிகிரியில் ஐந்து நிமிடம் காட்டி ஆறவிடலாம்.

பாத்திர விஷயமும் இருக்கிறது. வெண்ணெய் தடவிய பிரஷ், கேக் சுட்ட தட்டு, நெய்யில் ஊறிய மரக்கரண்டி எல்லாம் அலர்ஜிக் குழந்தையின் சமையலுக்கு ஆகாது. தனி பிரஷ், தனி கரண்டி வையுங்கள். தட்டில் புதிதாக பட்டர் பேப்பர் விரியுங்கள். (பேரில் பட்டர் இருக்கிறதே என்று ஓர் அப்பா பதறினார். அதில் பட்டர் இல்லை.)

இந்தக் குக்கீஸ் எல்லோருக்கும் நல்லது என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். பொரிந்த மாவுச்சத்து சட்டென்று செரித்துச் சர்க்கரையை ஏற்றும். நாட்டுச்சர்க்கரையும் சர்க்கரைதான். நீரிழிவுக்காரர் டப்பாவைத் தன் பக்கம் இழுத்துக்கொள்ளக் கூடாது. நாலு வயதுக்குக் கீழுள்ள குழந்தைக்கு முழுப்பொரி தொண்டையில் சிக்கலாம், அவர்களுக்கு முழுவதையும் நைசாகப் பொடித்தே போடுங்கள். எள்ளும் சிலருக்கு அலர்ஜி, புதிதாகக் கொடுப்பதென்றால் மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். பாலை நிறுத்திய குழந்தைக்குக் கால்சியம் எங்கிருந்து வரும் என்பது தனிக் கணக்கு. 100 கிராம் கேழ்வரகில் 360 மில்லிகிராம் அளவுக்கு இருக்கிறது, ஆனால் ஒரு குழந்தை ஒரு நாளில் அத்தனை தின்னாது. குக்கீஸில் கொஞ்சம் கேழ்வரகு மாவு சேர்த்துவிட்டு அந்தக் கணக்கை முடித்ததாக நினைக்க முடியாது.

அந்தப் பையன் வீட்டில் இப்போது மார்ஜரின் இல்லை. கார்த்திகைக்கு முந்தின வாரம் அவன் அம்மா போன் செய்தார், பொரி உருண்டை கொடுக்கலாமா என்று. பொரி, வெல்லம், தேங்காய்ப்பல், ஏலக்காய், சுக்கு. பால் எதுவும் இல்லை. கொடுங்கள் என்று சொல்ல வாயெடுத்தவள், உருண்டை பிடிக்கும்போது கையில் என்ன தடவுவீர்கள் என்று கேட்டேன்.

"அம்மிச்சிதான் புடிப்பாங்க, இருங்க" என்று உள்ளே போய்க் கேட்டுவிட்டு வந்தார்.

"நெய்யிங்க மேடம்."

அரிசி மாவைத் தொட்டுக்கொண்டு பிடிக்கச் சொன்னேன்.