வாரிசுச் சான்றிதழில் பெயர் விடுபட்டால் பங்கு போய்விடுமா?

"அப்பா இறந்ததும் அண்ணன் வாரிசுச் சான்றிதழ் வாங்கிவிட்டார். அதில் என் பெயரே இல்லை. இனி எனக்குப் பங்கு கிடையாதா சார்?" இப்படிக் கேட்டு வருபவர்களில் பெரும்பாலோர் கல்யாணமாகிப் போன பெண்கள்.

பங்கு எங்கும் போகாது. தாசில்தார் தரும் சான்றிதழ் இறந்தவருக்கு யார் யார் வாரிசு என்று அடையாளம் காட்டும், அவ்வளவுதான். ரேஷன் கார்டில் பெயர் இருந்தால் வீடு சொந்தமாகிவிடுமா? பங்கைத் தருவது சட்டம். இந்து ஆண் ஒருவர் உயில் எழுதாமல் இறந்தால், 1956-ம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மனைவி, மகன், மகள், தாய் எல்லோரும் முதல் வகுப்பு வாரிசுகள். மகளுக்குத் திருமணம் ஆனதா என்று சட்டம் கேட்பதே இல்லை. கிறிஸ்தவர்களுக்கு 1925-ம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டம், இஸ்லாமியர்களுக்கு ஷரியத், கணக்கு வேறு.

மகள்களைப் போலவே மறக்கப்படுபவர் தாய். மகன் இறந்தபோது அவர் உயிரோடு இருந்தால், மருமகளுக்குச் சமமாக அவருக்கும் ஒரு பங்கு உண்டு. தகப்பனாருக்கு அந்த வகுப்பில் இடமில்லை. இதைச் சொன்னால் நம்பாத குடும்பங்களே அதிகம்.

அதற்காகப் பெயர் விடுபட்டதைச் சும்மா விடவும் கூடாது. அந்தச் சான்றிதழை வைத்துப் பட்டாவை மாற்றி, மனையை விற்றும் விடுவார்கள். சான்றிதழ் கேட்டுப் போட்ட மனு நிலுவையில் இருக்கிறது என்று தெரிந்தவுடனே தாசில்தாரிடம் எழுத்துப்பூர்வமாக ஆட்சேபணை கொடுத்து, ஒப்புகை வாங்கிவிடுங்கள். வி.ஏ.ஓ. (கிராம நிர்வாக அலுவலர்), ஆர்.ஐ. (வருவாய் ஆய்வாளர்) விசாரணையில் தகராறு இருப்பது பதிவானால், பொதுவாக உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்லிவிடுவார்கள். அது சரியும்கூட. யார் சட்டப்படியான மனைவி என்பதையெல்லாம் வருவாய்த்துறை தீர்மானிக்க முடியாது. முதல் தாரம் உயிரோடு, விவாகரத்தும் ஆகாமல் இருக்கையில் நடந்த இரண்டாவது கல்யாணம் இந்துத் திருமணச் சட்டப்படி செல்லாது. ஆனால் அதில் பிறந்த பிள்ளைகளுக்குத் தாய் தகப்பன் சொத்தில் உரிமை உண்டு. 2023-ல் உச்ச நீதிமன்றமும் இதை உறுதி செய்தது.

சான்றிதழ் ஏற்கெனவே வழங்கப்பட்டிருந்தால்? அதை ரத்து செய்வதற்கென்றே ஒரு வழக்கு, பிறகு பாகத்துக்கு இன்னொரு வழக்கு என்று அலைவதில் எனக்கு உடன்பாடில்லை. சொத்துதான் பிரச்சினை என்றால் நேராகப் பாகப்பிரிவினை வழக்குப் போடுங்கள். விற்பனை நடந்திருந்தால் வாங்கியவரையும் பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டும். அண்ணன் தன் பங்கைத்தான் விற்க முடியும், உங்கள் பங்கை அல்ல.

வங்கி டெபாசிட், பங்குப் பத்திரம் போன்றவற்றுக்குக் கேட்கப்படும் 'சக்சஷன் சர்டிபிகேட்' வேறு. அதை நீதிமன்றம்தான் தரும், 1925-ம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின் 372-வது பிரிவில். வர வேண்டிய கடன், முதலீட்டுப் பத்திரங்களுக்கு மட்டுமே அது செல்லும். வீட்டுக்கும் நிலத்துக்கும் அதைக் கேட்டு மனுப் போடுவது வீண் செலவு. ஒரு வாரிசை மறைத்து வாங்கியிருந்தால் 383-வது பிரிவின் கீழ் ரத்து செய்யக் கோரலாம். 'நாமினி நான்தான், பணம் எனக்கே' என்ற வாதமும் வங்கி டெபாசிட்டில் நிற்காது. நாமினி பணத்தைப் பெற்றுக்கொள்பவர், பங்கு வாரிசுகளுக்கு.

தங்கைகளுக்கு ஒரு வார்த்தை: "சும்மா ஒரு கையெழுத்து" என்று நீட்டப்படுவது பெரும்பாலும் விடுதலைப் பத்திரம், அதாவது உங்கள் பங்கை விட்டுக்கொடுக்கும் பத்திரம். படிக்காமல் போடாதீர்கள்.

பேசித் தீர்க்க வாய்ப்பிருந்தால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுக்கலாம். பெண்களுக்கு வருமான வரம்பில்லாமல் இலவச சட்ட உதவி உண்டு. லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றம்) எட்டும் சமரசம் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம், மேல்முறையீடு கிடையாது. ஆனால் எல்லா வாரிசுகளும் அதில் ஒரு தரப்பாக இருக்க வேண்டும். வெளிநாட்டிலுள்ள தம்பியை விட்டுவிட்டு மற்றவர்கள் கையெழுத்திட்டால் அது அவரைக் கட்டுப்படுத்தாது. அவர் வர முடியாவிட்டால் பவர் பத்திரம் எழுதி அனுப்பச் சொல்லுங்கள்.