வேதாரண்யத்து மணல்மேட்டில் ஆழமாகத் தோண்டாதீர்கள்

வேதாரண்யம் பக்கம் வீடு கட்டுகிறவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, "சார், போர் எத்தனை அடி போடலாம்?" என்பதுதான். நிலத்தடி நீர் ஆய்வில் இருப்பவன் என்ற முறையில் நான் சொல்லும் பதில் பலருக்குப் பிடிப்பதில்லை. மணல் முடிகிற இடத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள் என்பேன்.

காரணம் அந்த நிலம் உருவான விதம். கடல் மட்டம் சுமார் 6,000 ஆண்டுகளுக்கு முன் ஏறத்தாழ இன்றைய நிலைக்கு வந்தது. அதன்பின் காவிரிப் படுகையின் இந்தத் தென்கிழக்கு மூலையில் கரை சிறுகச் சிறுகக் கடல்பக்கம் நகர்ந்தது. கரை தங்கிய இடங்களில் அலையும் காற்றும் குவித்த மணல் மேடாக நின்றுவிட்டது. மேடு, பள்ளம், மறுபடி மேடு என்று வரிசையாக ஓடுவது இதனால்தான். உயரம் சில மீட்டர்தான். ஆனால் வெள்ளக் காலத்தில் அந்தச் சில மீட்டரே ஊரைக் காக்கிறது. அதனால் வீடு, கோயில், மா, தென்னை, புகையிலை எல்லாம் மேட்டில். நெல் இடையிலுள்ள பள்ளத்தில். தெற்கே சதுப்பும் உப்பளமும்.

இந்த மேடுதான் ஊரின் தண்ணீர்த் தொட்டியும். ஐப்பசி, கார்த்திகை மழை மணலில் இறங்கி, கீழே இருக்கும் உப்பு நீரின் மேல் மிதந்து நிற்கிறது. கடல்நீர் நல்ல நீரைவிட சுமார் 2.5 சதவீதம் கனம். கணக்குப்படி, கடல் மட்டத்துக்கு மேல் நல்ல நீர் ஓர் அடி நின்றால் அதற்குக் கீழே சுமார் 40 அடி நல்ல நீர் இருக்கலாம். பல இடங்களில் களிமண் குறுக்கிடுவதால் அவ்வளவு ஆழம் கிடைப்பதில்லை. அந்தக் களிமண்ணைத் துளைத்தால் அடியிலுள்ள உப்பு நீர் மேலே வர வழி திறந்துவிடுகிறோம். இதே கணக்கு எதிர்த்திசையிலும் வேலை செய்யும்: நீர்மட்டம் ஓர் அடி இறங்கினால் உப்பு பல அடி ஏறும். ஏறிய உப்பு லேசில் இறங்காது. மழை பல பருவம் பெய்ய வேண்டும்.

அதனால் பெரிய மோட்டார் வைத்து ஒரே இடத்தில் இழுக்காதீர்கள். ஆழமில்லாத உறைகிணறு, அல்லது தள்ளித்தள்ளி இரண்டு மூன்று பில்டர் பாயிண்ட் (மணலில் இறக்கும், வடிகட்டி பொருத்திய ஆழமில்லாத குழாய்க் கிணறு) போட்டு, கொஞ்சம் கொஞ்சமாக எடுங்கள். கரைந்த உப்பு லிட்டருக்கு 500 மில்லிகிராம் வரை இருப்பது குடிக்க நல்லது. வேறு வழியே இல்லாவிட்டால் 2,000 வரை அனுமதி. சித்திரை, வைகாசியில் ஒருமுறை சோதித்துப் பாருங்கள்.

எனக்கு உப்பைவிடக் கவலை தருவது கழிப்பறைக் குழி. மணல் தண்ணீரை வேகமாக விடும். கழிவையும் அப்படியே விடும். கழிவிலிருந்து நீரில் கலக்கும் நைட்ரேட் என்ற வேதிப்பொருள் லிட்டருக்கு 45 மில்லிகிராமைத் தாண்டினால் அந்த நீர் கைக்குழந்தைக்கு ஆபத்து, கொதிக்க வைத்தாலும் அது போகாது. குழியும் கிணறும் மனையின் எதிரெதிர் மூலையில் இருக்கட்டும். நிலத்தடி நீர் ஓடும் திசையில் கிணறு மேல்பக்கம் வர வேண்டும். பக்கத்து வீட்டுக் குழி எங்கே என்றும் கேட்டுக்கொள்ளுங்கள்.

மனையைச் சமப்படுத்த மேட்டை வெட்டி மணலை விற்கும் வழக்கத்தை தயவுசெய்து விடுங்கள். வெட்டிய உயரம் அளவுக்கு மழைநீர் தங்கும் இடம் போய்விடுகிறது. அது உங்கள் மனையோடு நிற்காது, அந்த மேட்டில் இருக்கும் எல்லாக் கிணறுகளையும் பாதிக்கும்.