மெத்தென்ற சீட் ஏன் மரத்துப்போகச் செய்கிறது?

நாள்தோறும் ஒரு மணி நேரம் சைக்கிள் ஓட்டத் தொடங்கியிருக்கும் வாசகி ஒருவர், கவட்டுப் பகுதி மரத்துப்போவதாகவும், தடித்த ஜெல் உறையை சீட்டின்மேல் மாட்டிய பிறகு அது குறையாமல் கூடிவிட்டதாகவும் எழுதியிருந்தார். அவர் உணர்ந்தது பிரமையன்று.

இடுப்புக்கூட்டின் அடியில், முன்னே பூப்பெலும்பு முதல் பின்னே வாலெலும்பு வரை, தூளியைப் போல் விரிந்திருக்கும் தசைகளே இடுப்புத்தளம். சிறுநீர்ப்பை, கருப்பை, மலக்குடல் ஆகியவற்றைத் தாங்குவதும், சிறுநீரையும் மலத்தையும் அடக்க உதவுவதும் அவற்றின் வேலை.

உட்காரும்போது நம் எடையைத் தாங்க வேண்டியவை புட்டத்தின் அடியில் இருபுறமும் உள்ள இரண்டு எலும்பு முண்டுகள். நாற்காலியில் உள்ளங்கைகளின்மேல் உட்கார்ந்தால் அவை தட்டுப்படும். அவற்றின் உட்புறத்தை ஒட்டி, அல்காக் கால்வாய் என்னும் குறுகிய வழியில் புடெண்டல் நரம்பும் ரத்தக்குழாய்களும் வந்து, கவட்டின் நடுப்பகுதிக்குக் கிளை பரப்புகின்றன. கவட்டுக்கும் பிறப்புறுப்புக்கும் உணர்ச்சி தருவதும், சிறுநீரை அடக்கும் சுருக்குத்தசையை இயக்குவதும் இந்த நரம்புதான்.

பிசைந்த மாவில் இரண்டு கட்டைவிரல்களை அருகருகே அழுத்திப் பாருங்கள்: விரல்கள் உள்ளே போகப்போக, நடுவிலுள்ள மாவு மேடாக எழும்பும். மெத்தென்ற சீட்டில் நிகழ்வதும் இதுவே. முண்டுகள் இரண்டும் ஜெல்லுக்குள் அமிழ, நடுவே எழும் மேடு எலும்பின் காப்பே இல்லாத இடத்தில் ஏறி, அந்த நரம்புக் கிளைகளையும் ரத்தக்குழாய்களையும் பூப்பெலும்போடு சேர்த்து நசுக்குகிறது. கைக்கு இதமான பொருளே நரம்புக்குப் பகையாகும் இந்த எளிய இயற்பியல் எனக்கு ஒவ்வொரு முறையும் வியப்பளிக்கிறது. சீட் குறுகலாகவும் இருந்துவிட்டால் முண்டுகள் அதன் விளிம்புக்கு வெளியே போய்விடுவதால், எடை முழுவதும் நடுப்பகுதியின்மேல் விழும்.

2002இல் ஜெர்மானிய மருத்துவர்கள் ஆண்களிடம் இதை அளந்தார்கள். குறுகிய, தடித்த மெத்தையுள்ள சீட்டில் ரத்த ஓட்டத்தைக் காட்டும் அளவான, ஆண்குறியின் ஆக்சிஜன் அழுத்தம் சுமார் 82 விழுக்காடு குறைந்தது. முன்மூக்கு (முன்னே நீண்டிருக்கும் குறுகிய முனை) இல்லாத அகன்ற சீட்டில் குறைவு சுமார் 20 விழுக்காடே. அமெரிக்காவில் சைக்கிளில் ரோந்து செல்லும் காவலர்கள் மூக்கில்லாத சீட்டை ஆறு மாதம் பயன்படுத்தியபோது, மரத்துப்போதல் இல்லாதவர்களின் பங்கு 27 விழுக்காட்டிலிருந்து 82 ஆக உயர்ந்தது. பெண்களிடம் நடந்த ஓர் ஆய்வு, ஹேண்டில்பார் சீட்டைவிடத் தாழ்ந்திருந்தால் கவட்டின் மீதான அழுத்தம் கூடுவதைக் காட்டியது. எனினும் இத்துறையின் ஆய்வுகளில் பெரும்பாலானவை ஆண்களைப் பற்றியவையே. பிரசவத்தால் இடுப்புத்தளம் தளர்வது பெண்களுக்கு என்றிருக்க, ஆய்வுப் பணம் அவர்கள் பக்கம் இவ்வளவு குறைவாகப் போவது நியாயமே இல்லை.

சைக்கிள் ஓட்டினால் கருப்பை இறங்கிவிடும் என்று பெண்பிள்ளைகளைத் தடுப்போர் இன்றும் உண்டு. அது ஆதாரமற்ற அச்சம். கருப்பை இறங்குவதற்குக் காரணங்கள் பிரசவம், முதுமை, தீராத மலச்சிக்கல், ஓயாத இருமல், பளு தூக்குதல் போன்றவை. மாறாக, ஓடும்போது அடிக்கொரு முறை இடுப்புத்தளத்தின்மேல் விழும் அதிர்ச்சி சைக்கிளில் வெகுவாகக் குறைகிறது.

ஆகவே வாசகி ஜெல் உறையைக் கழற்றிவிட்டு, எலும்பு முண்டுகள் இரண்டும் மேலே அமரும் அளவுக்கு அகலமான, சற்றே உறுதியான சீட்டைத் தேர்ந்து, அதன் மூக்கு மேல்நோக்கி நிற்காதபடி பொருத்தி, ஹேண்டில்பாரைச் சற்று உயர்த்திக்கொள்ளலாம். ஓட்டும்போது இடையிடையே பெடலில் எழுந்து நின்றால் நசுங்கிய குழாய்களில் ரத்தம் மீண்டும் பாயும். இறங்கிய பின்பும் மரத்த உணர்வு நீடித்தாலோ, சிறுநீர் கசிந்தாலோ மருத்துவரைப் பார்ப்பதைத் தள்ளிப்போட வேண்டாம்.